அசலின் ஆயுள்: தஞ்சைக் கல்வெட்டிலிருந்து வீட்டுக் கடன் வரை

இது கொஞ்சம் நீளமான பதிவு. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாவகாசமாகப் படியுங்கள்.

போன வாரம் பழைய மாணவன் ஒருவன் போன் செய்தான். ஒரகடம் பக்கம் கம்பெனி வேலை, வயது 35, ஒரு பிள்ளை. விழுப்புரத்தில் வீடு வாங்க 30 லட்சம் வங்கிக் கடன் கேட்டிருக்கிறான். "டீச்சர், 20 வருஷம் போடட்டுமா, 30 வருஷம் போடட்டுமா? 30 போட்டா மாசம் மூவாயிரம் கம்மியா வருது" என்றான். வட்டி எவ்வளவு என்று கேட்டேன். எட்டரை சதவீதம். அதோடு சேர்த்து, "வட்டி கம்மிதான் டீச்சர்" என்றும் சொன்னான்.

அந்தக் கடைசி வார்த்தைதான் இந்தப் பதிவுக்குக் காரணம். வட்டி கம்மி என்பது உண்மை. நம் ஊர்க் கணக்கில் நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய் என்றால் ஒரு வட்டி, அதாவது ஆண்டுக்கு 12 சதவீதம். அப்படிப் பார்த்தால் எட்டரை சதவீதம் முக்கால் வட்டிகூட இல்லை. ரெண்டு வட்டி, மூணு வட்டி என்று வாங்கிப் பழகிய அனந்தபுரத்து ஆளுக்கு அது தர்ம வட்டி. ஆனால் வட்டி வீதத்தை மட்டும் பார்த்துக் கடனை எடை போட்டவர்கள் நம் மண்ணில் என்ன ஆனார்கள் என்பதற்கு ஆயிரம் வருடத்து வரலாறு இருக்கிறது. நான் சமூக அறிவியலும் கணக்கும் சேர்த்து எடுத்தவள். இரண்டையும் இங்கே கலந்துதான் சொல்லப் போகிறேன். எல்லா வட்டியையும் நம் ஊர் வட்டியாக மாற்றிச் சொல்கிறேன், ஒப்பிட வசதியாக இருக்கும்.

தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் கடன் கணக்குகள் வருகின்றன. ராஜராஜன் காலத்தில் அரச குடும்பத்தாரும் அதிகாரிகளும் கோயிலுக்குக் கொடுத்த காசைக் கோயில் சும்மா வைத்திருக்கவில்லை. ஊர்ச் சபைகளுக்கு வட்டிக்குக் கொடுத்தது. வட்டிக்கு அப்போது பெயர் பொலிசை. ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு, அதாவது பன்னிரண்டரை சதவீதம். நம் கணக்கில் ஒரு வட்டிக்குக் கொஞ்சம் மேல். இந்தப் பொலிசை சந்திர சூரியர் உள்ளவரை வர வேண்டும். 100 காசு வாங்கிய ஊர் எட்டு வருடத்தில் வட்டியாக மட்டும் 100 காசு கொடுத்துவிடும். ஒன்பதாம் வருடம் அசல் அப்படியே 100 காசாக நிற்கும்.

இதே ஏற்பாட்டின் இன்னொரு வடிவம்தான் விளக்குக்கு விட்ட ஆடுகள். ஒரு நந்தா விளக்குக்கு 96 ஆடு. அவற்றை வாங்கிய இடையர் தினம் ஓர் உழக்கு நெய் கோயிலுக்கு அளக்க வேண்டும். அந்த ஆடுகளுக்குக் கல்வெட்டில் பெயர் "சாவா மூவாப் பேராடு". ஆடு சாகாதா, மூக்காதா என்று வகுப்பில் நீங்கள் சிரித்தது எனக்கு நினைவிருக்கிறது. செத்த ஆட்டுக்குப் பதில் குட்டியைச் சேர்த்து எண்ணிக்கையை 96 ஆகவே வைத்திருக்க வேண்டும் என்பதுதான் பொருள். சாகாதது ஆடு அல்ல, அசல்.

இடையருக்கு இதில் நஷ்டம் என்று சொல்ல முடியாது. ஆடு குட்டி போடும், பால் தரும், மிஞ்சியது அவருக்கு. அசல் சாகாத கடனை வாங்குவது, அந்த அசல் தானாகவே பெருகும்போது தாங்கும். அது பெருகாத இடத்தில் என்ன நடக்கும் என்பதற்கு நம் பக்கத்துக் கோட்டைக்கே வரலாம்.

தேசிங்கு ராஜன் கதையை எல்லோரும் கேட்டிருப்பீர்கள். குதிரை, நண்பன் மோவத்துக்கான், 1714இல் ஆற்காட்டு நவாப் சாதத்துல்லா கானுடன் நடந்த போர், இளம் வயதில் மரணம். கூத்தில் வீரம்தான் பெரிதாக வரும். அந்தச் சண்டை எதற்காக வந்தது என்பது அவ்வளவாக வராது. தேசிங்கின் தகப்பன் சொரூப் சிங் செஞ்சிக் கோட்டையை வைத்திருந்தபோது கட்ட வேண்டிய தொகையைக் கட்டாமல் பாக்கி விட்டுப் போனார். தகப்பன் இறந்ததும் நவாப் பாக்கியைக் கேட்டார். பிள்ளை மறுத்தான். யுனெஸ்கோ பட்டியலில் போன வருடம் 2025இல் இடம்பெற்ற அந்தக் கோட்டையை அவன் இழந்தது ஒரு பழைய நிலுவையில் தொடங்கிய விவகாரத்தால்தான்.

நிலுவை கேட்டு ஜெயித்த அந்த ஆற்காட்டு நவாப் பதவி, பிற்பாடு கடனாலேயே ஒழிந்தது. வம்சம் இடையில் மாறியது, பதவி அதேதான். இதைத்தான் விரிவாகச் சொல்ல வேண்டும். தமிழ் மண்ணில் நடந்த மிகப் பெரிய அடமானம் இதுதான் என்பது என் கருத்து.

நவாப் முகமது அலி வாலாஜா 1749இல் பட்டத்துக்கு உரிமை கோரியவர். எதிராளியான சந்தா சாகிப்புக்குப் பிரெஞ்சுக்காரர்கள் துணை, இவருக்கு ஆங்கிலேயக் கம்பெனி. 1750இல் புஸ்ஸி என்ற பிரெஞ்சுத் தளபதி ஒரே இரவில் செஞ்சிக் கோட்டையைப் பிடித்தார். 1761இல் ஆங்கிலேயர் அதை மீட்டார்கள். இப்படி ஊர் ஊராக நடந்த சண்டைகளின் செலவெல்லாம் நவாப் கணக்கில் எழுதப்பட்டது. சிம்மாசனம் அவருக்கு, பில்லும் அவருக்கு.

கம்பெனிக்குக் கட்டக் கையில் பணம் இல்லை. கம்பெனியின் அதிகாரிகளே, சொந்தப் பணம் என்று சொல்லி, நவாபுக்குக் கடன் கொடுத்தார்கள். கம்பெனிக்கு ஒரு கடன், கம்பெனியின் குமாஸ்தாக்களுக்கு இன்னொரு கடன். முதலில் வட்டி ஆண்டுக்கு 36 சதவீதம் வரை இருந்தது, அதாவது நம் ஊர் மூணு வட்டி. பிறகு 25, பிறகு 20 என்று குறைந்தது. 1767இல் பழைய தனியார் கடன்களை ஒன்றாகக் கூட்டி, ஆண்டுக்கு 10 சதவீதம் என்று முடிவு கட்டினார்கள். 10 சதவீதம் என்பது முக்கால் வட்டிக்குக் கொஞ்சம்தான் மேல். வட்டியைப் பார்த்தால் நவாப் பிழைத்துவிட்டார் என்றுதான் தோன்றும். தொகை அப்போது ஏறக்குறைய 8 லட்சத்து 80 ஆயிரம் பவுன்.

பிழைக்கவில்லை. கூட்டும்போது பழைய வட்டியும் அசலோடு சேர்ந்துவிட்டது. பிறகு அந்த அசலுக்கு வட்டி. அதைக் கட்ட இன்னொரு கடன். 1777இல் இன்னொரு பெரிய கடன் தொகுப்பு உருவானது, அது 20 லட்சம் பவுனுக்கு மேல். ஈடாக நவாப் வைத்தது என்ன? நகையோ மாளிகையோ அல்ல, ஊர்களின் வரி. இந்த வட்டாரத்து வசூல் இன்னாருக்கு என்று எழுதிக் கொடுத்துவிடுவார். கையெழுத்துப் போட்டது நவாப், கட்டியது களத்துமேட்டில் நெல்லைக் குவித்து வைத்திருந்த குடியானவன்.

இதில் குதிரைப்படைக் கடன் என்று ஒன்று உண்டு. நவாபின் குதிரைப்படைக்கு மாதக்கணக்கில் சம்பளம் பாக்கி. படையைக் கலைக்க வேண்டும், பாக்கியைத் தீர்க்கப் பணம் இல்லை. மூன்று ஆங்கிலேயர்கள் 1 லட்சத்து 60 ஆயிரம் பவுன் தருகிறோம் என்று முன்வந்து, அதற்குச் சில வட்டாரங்களின் வசூலை எழுதி வாங்கினார்கள். ஆனால் பணத்தை உடனே கொடுக்கவில்லை. அந்த வட்டாரங்களில் வசூலித்ததையே எடுத்து, இரண்டு வருடம் இழுத்துச் சம்பளமாகக் கொடுத்தார்கள் என்று எட்மண்ட் பர்க் 1785 பிப்ரவரி 28 அன்று இங்கிலாந்துப் பாராளுமன்றத்தில் குற்றம் சாட்டினார். அதாவது நவாபின் பணத்தையே நவாபுக்குக் கடனாகக் கொடுத்து, அதற்கு வட்டியும் எழுதிக்கொண்டார்கள். ஆற்காட்டு நவாபின் கடன்கள் என்ற தலைப்பிலேயே பர்க்கின் அந்தப் பேச்சு இன்றும் அச்சில் கிடைக்கிறது.

பால் பென்ஃபீல்டு என்ற ஆளையும் சொல்ல வேண்டும். கம்பெனியில் சிறு சம்பளத்தில் வேலை பார்த்தவர். 1776இல் தஞ்சாவூர் மீண்டும் அதன் ராஜாவுக்குப் போனபோது, அங்குள்ள வரியில் 1 லட்சத்து 62 ஆயிரம் பவுனும் நிற்கும் பயிரில் 72 ஆயிரம் பவுனும் தனக்கு நவாப் கடனுக்காகச் சேர வேண்டியவை என்று கோரினார். கவர்னர் பிகட் இதற்கு இணங்காமல் நின்றார். அவருடைய கவுன்சிலில் இருந்தவர்களே அவரைக் கைது செய்தார்கள். காவலில் இருந்தபடியே மறு வருடம் இறந்தார். கடன் கொடுத்தவர்கள் கவர்னரையே உள்ளே தள்ளிய காலம் அது.

1780இல் ஹைதர் அலி படையெடுத்து இந்தச் சீமை எரிந்தது. கிணறு தூர்ந்தது, ஜனங்கள் ஓடினார்கள். எரிந்த வயலுக்காக வட்டி நின்றுவிடவில்லை. 1784இல் லண்டனில் எல்லாக் கடனும் விசாரணை இல்லாமலே ஒப்புக்கொள்ளப்பட்டு, வருடத்துக்கு 12 லட்சம் வராகன் நவாப் கட்ட வேண்டும் என்று ஏற்பாடானது. கடைசியில் 1801 ஜூலை 31 உடன்படிக்கையில் கர்நாடகச் சீமை முழுவதும் கம்பெனிக்குப் போனது. செஞ்சி, திண்டிவனம், விழுப்புரம் எல்லாம் அதில் சேர்த்தி. நவாபுக்கு வருமானத்தில் ஐந்தில் ஒரு பங்கும் பட்டமும் மிச்சம்.

இதற்குப் பிறகு வந்ததுதான் கணக்கு வாத்தியாருக்கு விருந்து. கடன்களை விசாரிக்க 1805இல் ஆணையர்கள் உட்கார்ந்தார்கள். பல வருடம் விசாரித்தார்கள். எனக்கு வர வேண்டும் என்று வந்த கோரிக்கைகள் 3 கோடி பவுனுக்கு மேல். உண்மை என்று ஏற்றது 30 லட்சம் பவுனுக்கும் குறைவு. பத்தில் ஒரு பங்குகூட நிற்கவில்லை. பர்க் பேசியபோதே யாராவது கணக்குப் புத்தகத்தைப் புரட்டியிருந்தால்... சரி, அது வேறு கதை.

நவாபின் வீடும் மிஞ்சவில்லை. சென்னையில் கடற்கரைக்கு எதிரே சேப்பாக்கம் அரண்மனை அவர்கள் கட்டியதுதான். கிரிக்கெட் மைதானத்துக்குப் பெயர் வந்ததும் அதனால்தான். 1855இல் கடைசி நவாப் வாரிசில்லாமல் இறந்தார். 1859இல் அரண்மனை ஏலத்துக்கு வந்தது. சென்னை அரசாங்கமே எடுத்துக்கொண்டு அதில் ஆபீஸ் நடத்தியது.

ஆங்கிலத்தில் அடமானத்துக்கு மார்ட்கேஜ் என்கிறோமே, அது பழைய பிரெஞ்சிலிருந்து வந்த சொல். நேர் பொருள் "செத்த ஈடு". ஐரோப்பாவில் இடைக்காலத்தில் இரண்டு வகை ஈடு இருந்தது. நிலத்தைக் கடன் கொடுத்தவன் எடுத்துக்கொள்வான். விளைச்சல் கடனில் கழிந்துகொண்டே வந்தால் அது உயிருள்ள ஈடு. விளைச்சலை அவன் தின்றுவிட, கடன் குறையாமல் நின்றால் அது செத்த ஈடு. நமக்கு இது புதிதல்ல, நம்முடைய போக்கியம் அதுதான். நிலத்தைப் போக்கியத்துக்கு விட்டால் பயிர் அவருக்கு, அதை வட்டிக்கு ஈடாக வைத்துக்கொள்வார், அசலைக் கொண்டுவந்து வைத்தால்தான் நிலம் திரும்பும். 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் போக்கியத்தை எழுதும்போது, விளைச்சல் வட்டிக்கா, அசலுக்கா, இரண்டுக்குமா என்று மூன்று வழியையும் அனுமதித்தது. பத்திரத்தில் எது எழுதியிருக்கிறது என்பதில்தான் குடும்பத்தின் கதி இருந்தது. படிக்கத் தெரியாத தாத்தாக்கள் ரேகை வைத்த பத்திரம் எது மாதிரி இருந்திருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

வட்டி அசலைத் தாண்டக்கூடாது என்ற விதி நம் பழைய தர்ம சாஸ்திரங்களில் உண்டு. பம்பாய்ப் பக்கத்து நீதிமன்றங்கள் அதை ஏற்றன, சென்னை மாகாணத்தில் ஏற்கவில்லை. 1930இல் வங்கி விசாரணைக் குழு இந்த மாகாணத்து விவசாயிகளின் கடனை 150 கோடி ரூபாய் என்று மதிப்பிட்டது. அதே சமயத்தில்தான் உலகமெங்கும் விலைகள் சரிந்தன. நம் பக்கத்து மல்லாட்டை புதுச்சேரித் துறைமுகம் வழியாகப் பிரான்சுக்குக் கப்பலேறிய காலம் அது. மல்லாட்டை விலை ஏறக்குறைய பாதியானது. கடன் ரூபாயில் எழுதப்பட்டது, கட்ட வேண்டியது மூட்டையில். ஒரு மூட்டை விற்றுத் தீர்க்க வேண்டிய கடனுக்கு இரண்டு மூட்டை. வட்டி ஏறவே இல்லை, ஆனாலும் கடன் இரட்டிப்பானது.

இந்த நிலையில்தான் 1938இல் ராஜாஜி முதலமைச்சராக இருந்த அரசு சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1932 அக்டோபர் 1க்கு முன் வாங்கிய கடனில், 1937 அக்டோபர் 1 அன்று நிலுவையில் நின்ற வட்டி முழுக்க ரத்து. வட்டியாகவோ அசலாகவோ அசலைப் போல் இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால் கடனே தீர்ந்தது. புதுக் கடனுக்கு ரூபாய்க்கு மாதம் ஒரு தம்படி, அதாவது வருடத்துக்கு ஒரு அணா. ஆறேகால் சதவீதம், அரை வட்டிக்குச் சற்று மேல். அதுவும் தனிவட்டி மட்டும். போக்கியத்துக்கு 1948இல் ஒரு திருத்தம் வந்தது. 30 வருடம் நிலத்தை அனுபவித்துவிட்டால் கடன் தீர்ந்ததாகக் கொள்ள வேண்டும், நிலத்தைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று.

இரண்டு மடங்கு, 30 வருடம். இந்த இரண்டு எண்களையும் ஞாபகம் வைத்துக்கொண்டு என் மாணவனின் கணக்குக்கு வாருங்கள்.

30 லட்சம், எட்டரை சதவீதம், 20 வருடம். மாதத் தவணை 26,035 ரூபாய். 240 மாதம் கட்டினால் மொத்தம் 62 லட்சத்து 48 ஆயிரம். அசல் 30, வட்டி 32 லட்சத்து 48 ஆயிரம். முக்கால் வட்டிகூட இல்லாத கடனில் வட்டி அசலைத் தாண்டிவிட்டது.

அதையே 30 வருடம் போட்டால் தவணை 23,067. மாதம் 2,968 ரூபாய் குறைவு, அவன் சொன்ன மூவாயிரம். மொத்தம் கட்டுவது 83 லட்சத்து 4 ஆயிரம். வட்டி மட்டும் 53 லட்சம். மாதம் மூவாயிரம் குறைய, முடிவில் 20 லட்சத்து 56 ஆயிரம் கூடுகிறது. 15 வருடம் என்றால் தவணை 29,542, மொத்தம் 53 லட்சத்து 18 ஆயிரம்.

ஏன் இப்படி? முதல் மாத வட்டி 21,250 ரூபாய். எத்தனை வருடம் போட்டாலும் இது மாறாது. 20 வருடத் தவணையில் இது போக அசலுக்குப் போவது 4,785 ரூபாய். 30 வருடத் தவணையில் 1,817 ரூபாய். குறைந்த அந்த மூவாயிரம் வட்டியிலிருந்து குறையவில்லை, அசலைக் கொல்லும் பணத்திலிருந்து குறைந்திருக்கிறது. 20 வருடக் கடனில் ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டியவன் கட்டியது 15 லட்சத்து 62 ஆயிரம். அசலில் குறைந்தது 3 லட்சத்து 56 ஆயிரம். 30 வருடக் கடனில் பத்து வருடம் கட்டியவன் கட்டியது 27 லட்சத்து 68 ஆயிரம். இன்னும் பாக்கி 26 லட்சத்து 58 ஆயிரம்! பிள்ளையைக் கல்லூரியில் சேர்க்கப் போகும் சமயத்தில் அவன் முன்னால் நிற்பது இந்தத் தொகை. ராஜராஜன் காலத்து ஆடுகளைப் போல அசல் மூக்கவே இல்லை.

1938இன் இரட்டிப்பு விதியை வேடிக்கைக்குப் பொருத்திப் பார்த்தேன். 20 வருடக் கடனில் இரண்டு மடங்கான 60 லட்சத்தை அவன் தொடுவது ஏறக்குறைய கடன் முடியும் சமயத்தில்தான். 30 வருடக் கடனில் 21 வருடம் 8 மாதத்திலேயே தொட்டுவிடுகிறான். அதன் பிறகும் 100 தவணை பாக்கி. அப்போது அவனுக்கு வயது 57க்கு நெருக்கம். கடைசித் தவணை கட்டும்போது 65.

வங்கியைத் திட்டுவதற்காக இதைச் சொல்லவில்லை. நவாபின் கடன்காரர்களோடு வங்கியை ஒரே தட்டில் வைப்பது அநியாயம். ஒவ்வொரு தவணையிலும் கொஞ்சம் அசல் கழிகிறது, அதை எழுத்தில் காட்டுகிறார்கள். 1977இல் எச்.டி.எஃப்.சி. தொடங்கும் வரை சம்பளக்காரர் வீடு கட்ட வேண்டுமென்றால் பி.எஃப்., கூட்டுறவு வீட்டு வசதிச் சங்கம், மனைவியின் நகை, அண்ணன் தம்பி கைமாற்று என்றுதான் போக வேண்டும். பாதி வீடு ரிடையர் ஆகும்போதுதான் பூச்சு வேலை முடியும். இப்போது 35 வயதில் குடியேற முடிகிறது, வாடகை மிச்சம். இன்னொன்றும் சொல்ல வேண்டும். விலைவாசி வருடத்துக்கு 6 சதவீதம் ஏறினால், இருபதாவது வருடம் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 8,100 ரூபாய்தான். ரூபாய் தேயத் தேயக் கடனும் தேய்கிறது. 1930களில் நடந்ததற்கு நேர் எதிர். ஆனால் இது சம்பளம் விலைவாசியோடு ஏறுபவருக்கு. எங்களுக்கு அகவிலைப்படி இருந்தது. ஒரகடம் கம்பெனியில் இருக்கிறதா என்று அவன்தான் சொல்ல வேண்டும்.

நான் அதிகம் பயப்படுவது வட்டி மாறும் கடனைப் பற்றி. இப்போது வீட்டுக் கடன் பெரும்பாலும் அந்த வகைதான். 2022 மே மாதம் வரை 4 சதவீதமாக இருந்த ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி 2023 பிப்ரவரியில் ஆறரை ஆனது. ஒருவன் 30 லட்சத்தை 20 வருடத்துக்கு ஆறரை சதவீதத்தில் வாங்கி, 22,367 ரூபாய் தவணை கட்டி வருகிறான் என்று வையுங்கள். ஒரு வருடம் கழித்து வட்டி 9 ஆகிறது. தவணையை ஏற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால் கடன் முடிய இன்னும் ஏறக்குறைய 44 வருடம் ஆகும். கணக்கை இரண்டு தடவை போட்டுப் பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன். அவனுக்கு மாதாமாதம் போகும் பணம் மாறவில்லை, அதனால் எதுவுமே மாறவில்லை என்று நினைத்துக்கொண்டிருப்பான். இப்படிக் காலம் நீண்டது தெரியாமலே பலர் இருந்ததால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது. வட்டி மாற்றியமைக்கும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று கடன் வாங்கியவரைக் கேட்க வேண்டும் என்று. நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் கட்டாயம் தர வேண்டும் என்பது 2025 வரை அதில் இருந்தது. குறுஞ்செய்தி வந்தால் அழித்துவிடாதீர்கள், இது அந்தச் செய்தியாக இருக்கலாம்.

கடனோடு சேர்த்து ஆயுள் காப்பீடு ஒன்றைத் தலையில் கட்டி, அதன் பிரீமியத்தையும் கடனிலேயே சேர்த்துவிடும் பழக்கமும் இருக்கிறது. 60,000 ரூபாய் பிரீமியம் இப்படிச் சேர்ந்தால் 20 வருடத்தில் 1 லட்சத்து 25 ஆயிரமாகக் கட்டுவீர்கள். காப்பீடு வேண்டும்தான், குடும்பத் தலைவனுக்குக் கட்டாயம் வேண்டும். தனியாக வருடா வருடம் கட்டும் பாலிசியாக எடுங்கள்.

இனி அவனுக்கு நான் சொன்ன பதில். 20 வருடம் போடு. மாதம் 26,000 கட்டினால் வீட்டில் அடுப்பெரியாது என்ற நிலை இருந்தால், முதலில் 30 லட்சம் வீடு உனக்குக் கட்டுப்படியாகுமா என்று பார். வேலை நிச்சயமில்லை, ஒரு பாதுகாப்புக்காக 30 வருடம் போட்டே ஆக வேண்டும் என்றால் போடு. ஆனால் 20 வருடத் தவணையையே மாதாமாதம் கட்டு. தனிநபர் பெயரில் உள்ள, வட்டி மாறும் வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் வாங்கக்கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது.

கட்டுவதையும் சீக்கிரம் கட்டு. 20 வருடக் கடனில் முதல் வருட முடிவில் போனஸ் பணம் 1 லட்சத்தைக் கூடுதலாகக் கட்டினால் 18 தவணை குறையும். அது 4 லட்சத்து 70 ஆயிரம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால் குறைவது ஆறு தவணைகூட இல்லை, ஒன்றரை லட்சம். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டி வந்தாலே கடன் 16 வருடம் 8 மாதத்தில் முடிந்துவிடும். கட்டும்போது தவணையைக் குறைக்கட்டுமா, காலத்தைக் குறைக்கட்டுமா என்று கேட்பார்கள். காலத்தைக் குறைக்கச் சொல். வாயால் சொன்னால் போதாது, எழுதிக் கொடுத்து ரசீது வாங்கு.

தவணை தவறுவதைப் பற்றியும் ஒரு வார்த்தை. போக்கியக் காலத்தில் கடன் கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போய்த் தீர்ப்பு வாங்கி ஏலத்துக்கு வர வருடக்கணக்கில் ஆகும். 2002இல் வந்த சர்ஃபேசி சட்டத்தின்படி, வாராக்கடன் ஆகிவிட்டால் 60 நாள் நோட்டீஸ் கொடுத்துவிட்டு வங்கி கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டைக் கையகப்படுத்தலாம். ஒரு மாதம் கஷ்டம் வந்தால் ஒளிந்துகொள்ளாமல் நேரில் போய் மேனேஜரைப் பார்.

கடன் முடிந்த பிறகு பலரும் விடும் காரியம் ஒன்று இருக்கிறது. முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தை வங்கி திருப்பித் தர வேண்டும், தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் உனக்குத் தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இது நடைமுறை. பத்திரத்தை வாங்கிக்கொண்டு பீரோவில் வைத்துவிட்டால் வேலை முடியவில்லை. சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தை வங்கியைக் கொண்டு பதிவு செய்ய வேண்டும். பதிந்து சில நாள் கழித்து வில்லங்கச் சான்று போட்டு, அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பார்.

கணக்கில் சந்தேகம் உள்ளவர்கள் கடன் தொகை, வட்டி, வருடம் மூன்றையும் கீழே எழுதுங்கள். சாயங்காலம் உட்கார்ந்து போட்டுச் சொல்கிறேன். சம்பளம் எவ்வளவு என்று இங்கே எழுத வேண்டாம், சொந்தக்காரர்களும் படிக்கிறார்கள்.